சுதந்திர செய்தி வாசித்த குரல். சினிமாவில் வாய் பேசாத அப்பா- நடிகர் பூர்ணம் விஸ்வநாதன் வாழ்க்கை

தமிழ் சினிமாவில் அப்பா, தாத்தா வேஷம் என்றால் சட்டென்று ஞாபகத்துக்கு வரும் முகங்களில் ஒன்று பூர்ணம் விஸ்வநாதன். ஆனால் இவரது முகத்துக்கு முன்பே குரல் ஊருக்கெல்லாம் போய்விட்டது. இந்தியா சுதந்திரம் அடைந்த செய்தியை ரேடியோவில் தமிழில் வாசித்தவர் இவர்தான்.

நெல்லை அருகே உள்ள முன்னீர்பள்ளம்தான் இவருக்கு சொந்த ஊர். 1921-ம் ஆண்டு பிறந்தார். இவரது அண்ணன் எழுத்தாளர் உமாசந்திரன். ரஜினி நடித்து 1978-ல் வந்த 'முள்ளும் மலரும்' படம், இந்த அண்ணன் எழுதிய நாவல்தான்.

டெல்லி ரேடியோ வேலை

சின்ன வயதிலேயே நாடக ஆசை வந்துவிட்டது. ஆனால் நாடகத்தை நம்பி குடும்பம் நடத்த முடியாத காலம் அது. டெல்லி அகில இந்திய வானொலியில் வேலை கிடைத்தது. 1947 ஆகஸ்டு 15 அன்று தமிழ் செய்தி வாசிக்கும் பொறுப்பு இவரிடம் வந்தது. அப்போது வயது 25 தான்.

பிறகு மத்திய அரசின் 'திட்டம்' பத்திரிகை பணிக்காக சென்னை வந்தார். பகலில் ஆபீஸ், சாயங்காலம் நாடகம். இரண்டையும் விடவில்லை.

மேடையில் ஹீரோ

'பூர்ணம் நியூ தியேட்டர்' என்று சொந்தமாக குழு வைத்தார். எழுத்தாளர் சுஜாதாவின் நாடகங்கள் இவரால்தான் மேடையில் பேர் வாங்கின. 'கடவுள் வந்திருந்தார்' நாடகத்தில் ரிட்டயர்டு ஆன பெரியவராக வருவார். எதிர்காலத்தில் இருந்து ஒருவன் வந்து நிற்பது இவர் கண்ணுக்கு மட்டும் தெரியும். வீட்டில் இருப்பவர்களோ பைத்தியம் என்று முடிவு கட்டுவார்கள். சிரிப்பும் பரிதாபமும் ஒன்றாக வரும் வேஷம் அது.

மேடையில் ஹீரோவாக நின்றவருக்கு சினிமா கொடுத்தது துணை வேஷம்தான். அதற்காக முகம் சுளிக்கவில்லை. அந்த நாலு காட்சியில் நிஜ அப்பாவாகவே மாறினார்.

1980-ல் பாலசந்தரின் 'வறுமையின் நிறம் சிவப்பு' படத்தில் கமலுக்கு அப்பா. டெல்லிக்கு மகனைத் தேடி வந்து, அவன் முடிதிருத்தும் கடையில் வேலை செய்வதைப் பார்க்கும் காட்சி ரொம்ப பேரை கலங்க வைத்தது. 'தில்லு முல்லு' (1981), 'வருஷம் 16' (1989), 'மகாநதி' (1994), 'ஆசை' (1995) என்று வரிசையாக படங்கள் வந்தன. டி.வி. நாடகங்களிலும் நடித்தார்.

பேசாத வேஷம்

1990-ல் வந்த 'கேளடி கண்மணி' படத்தில் ராதிகாவின் அப்பா இவர். காது கேட்காது, வாய் பேச வராது. மனைவியாக நடித்த ஸ்ரீவித்யாவுக்கும் அதே குறைதான். மகள் கல்யாணம் ஆகி போய்விட்டால் நம் கதி என்ன என்ற பயத்தை கண்ணாலேயே காட்டினார். குரலை வைத்து பிழைத்தவர், குரலே இல்லாமல் ஜெயித்தார்.

2008-ம் ஆண்டு அக்டோபர் 1-ந்தேதி சென்னையில் காலமானார். அப்போது அவருக்கு வயது 86. சினிமாவில் எத்தனை படம் வந்தாலும், கடைசி வரை அவர் தன்னை நாடகக்காரராகவே வைத்துக்கொண்டார் என்பது குறிப்பிடத்தக்கது.