பூச்சியின் மெழுகுப் போர்வையை ஆராய்ந்த விக்கிள்ஸ்வொர்த்

விதைக்கென எடுத்து வைக்கும் பயறில் சாம்பலைக் கலந்து பானையில் கொட்டி வைப்பது நம் கிராமங்களின் பழைய வழக்கம். துவரைக்குச் செம்மண் கட்டுவதும் அப்படித்தான். சாம்பலிலும் செம்மண்ணிலும் விஷம் இல்லை. பிறகு வண்டு ஏன் சாகிறது? ஒரு வீட்டில் பலித்த முறை பக்கத்து வீட்டில் பலிக்காமல் போவது ஏன்? இந்தக் கேள்விகளுக்கு விடை காண வழிகாட்டியவர்களில் முக்கியமானவர், இங்கிலாந்தின் பூச்சியியல் அறிஞர் சர் வின்சென்ட் விக்கிள்ஸ்வொர்த்.

இவர் 1899 ஏப்ரல் 17 அன்று லங்காஷயர் பகுதியில் உள்ள கிர்க்காம் என்ற ஊரில், ஒரு மருத்துவரின் மகனாகப் பிறந்தார். சிறு வயதிலேயே புழுக்களைப் பிடித்து வளர்த்து, அவை உருமாறுவதைக் கவனித்தார். முதல் உலகப் போரில் பீரங்கிப் படையில் சேர்ந்து பிரான்சில் பணிபுரிந்தார். திரும்பி வந்து கேம்பிரிட்ஜில் படிப்பைத் தொடர்ந்தார். மருத்துவப் பட்டமும் பெற்றார். ஆனால் மருத்துவராகத் தொழில் நடத்தவில்லை. 1926-ல் லண்டன் வெப்பமண்டல மருத்துவப் பள்ளியில் பூச்சியியல் விரிவுரையாளராகச் சேர்ந்தார்.

அங்கே அவர் தேர்ந்தெடுத்தது ரோட்னியஸ் என்ற நாவாய்ப்பூச்சி. தென் அமெரிக்காவைச் சேர்ந்த இது, இரத்தம் உறிஞ்சி சாகஸ் நோயைப் பரப்பும். இளம்பூச்சி ஒவ்வொரு பருவத்திலும் வயிறு நிறைய ஒரு முறை இரத்தம் குடித்தால் போதும். அடுத்த தோலுரிப்பு தொடங்கிவிடும். எப்போது உணவு கொடுக்கிறோமோ அதிலிருந்து நாள் கணக்கு வைத்துச் சோதிக்கலாம். பூச்சியின் வளர்ச்சியை ஹார்மோன்கள் எப்படிக் கட்டுப்படுத்துகின்றன என்பதை இந்தப் பூச்சியை வைத்தே 1930-களில் கண்டறிந்தார். பிற்காலத்தில் பூச்சி வளர்ச்சியைத் தடுக்கும் மருந்துகள் உருவாக அதுவும் ஓர் அடிப்படை. 1939-ல் வெளியான அவரது பூச்சி உடலியல் நூல் பல தலைமுறை மாணவர்களுக்குப் பாடநூலாக இருந்தது.

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1943-ல், பிரிட்டனின் வேளாண் ஆராய்ச்சி மன்றம் அமைத்த பூச்சி உடலியல் பிரிவுக்கு இவர் தலைவரானார். அந்த ஆண்டுகளில்தான் பூச்சியின் மேல்தோல் பற்றிய ஆய்வு நடந்தது.

பூச்சியின் உடல் சிறியது. உள்ளே இருக்கும் நீரும் சொற்பம். ஆனாலும் வெயிலில் அது எளிதில் வற்றிப் போவதில்லை. காரணம், மேல்தோலின் மேல் படிந்திருக்கும் மெழுகு. ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு கனம்கூட இல்லாத இந்தப் படலம்தான் உடல் நீரைக் காக்கிறது. சூடு ஓர் அளவைத் தாண்டினால் இந்தக் காப்பு தளர்ந்து, நீர் வேகமாக வெளியேறும். கரப்பான் பூச்சிக்கு அந்த அளவு சுமார் 30 டிகிரி செல்சியஸ். ரோட்னியஸ் இளம்பூச்சிக்கு 57 டிகிரிக்கும் மேல்.

அடுத்து, விஷமற்ற கடினமான நுண்தூளைத் தூவி, அதன்மேல் பூச்சிகளை நடக்கவிட்டார். வயிறு உரசிய இடங்களில் மெழுகு கீறப்பட்டு, உடல் நீர் வற்றிப் பூச்சிகள் செத்தன. தூள் வெறுமனே மேலே படிந்தால் போதாது. பூச்சி நகர்ந்து உரச வேண்டும். ஈரக்காற்றில் வைக்கப்பட்ட பூச்சியோ புதிதாக மெழுகைச் சுரந்து, கீறலைச் சரிசெய்துகொண்டு பிழைத்தது. 1944, 1945 ஆண்டுகளில் இந்த முடிவுகள் வெளியாயின.

மண்ணில் வாழும் கம்பிப்புழுவையும் அவர் ஆராய்ந்தார். மண் துகள்கள் உரசி உரசி அதன் மெழுகு முன்பே தேய்ந்திருக்கும். அதனால் வறண்ட காற்றில் அது சீக்கிரம் வற்றுகிறது.

பிறகு கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். 1964-ல் சர் பட்டம் பெற்றார். ஓய்வுக்குப் பிறகும் ஆய்வை விடவில்லை. 1994 பிப்ரவரியில், 94-வது வயதில் காலமானார்.

அவரது ஆய்விலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று உண்டு: தூள் வேலை செய்ய வறட்சி வேண்டும். ஈரப் பயறில் சாம்பல் கலந்தால், வண்டின் மெழுகு கீறப்பட்டாலும் அது வற்றிச் சாகாது. அடுத்த பட்டத்துக்கான விதை அதனால் வீணாகிவிடும். ஆகவே பயறை நன்றாகக் காயவைத்து, ஈரப்பதத்தை 10 சதவீதத்துக்குக் கீழே கொண்டுவந்த பிறகே தூளைக் கலக்க வேண்டும். சாம்பலைச் சலித்து, உலர்ந்ததாக, எல்லா விதையிலும் படியும்படி கலக்க வேண்டும். விதைப் பயறு 100 கிலோவுக்கு 1 கிலோ ஆக்டிவேட்டட் கேயோலின் களிமண் தூளும் கலக்கலாம்.

இன்னொன்றையும் மறக்கக் கூடாது. பயறு வண்டு வயலிலேயே காய்களின் மேல் முட்டையிடும். விதைக்குள் புகுந்துவிட்ட புழுவைத் தூள் தொடாது. வெளியே நடமாடும் வண்டைத்தான் தொடும். எனவே அறுவடை முடிந்ததும் தாமதிக்காமல் காயவைத்து, வண்டு பெருகுவதற்கு முன்பே தூளைக் கலந்து, ஈரம் ஏறாத கலனில் மூடி வையுங்கள். மழைக்காலத்தில் மாதம் ஒரு முறை திறந்து பாருங்கள்.