வளைவில் முனகும் சக்கரமும் ஹென்றி டிம்கனும்



காலை நேரத்தில் குருசுக்குப்பம் பக்கம் போயிருக்கீங்களா? மீன் பெட்டியும் ஐஸும் ஏற்றிக்கொண்டு வேன்கள் கிளம்பும். அங்கிருந்து தெற்கே வந்தால் உடனே ஒயிட் டவுன். பிரெஞ்சுக்காரர்கள் ஸ்கேல் வைத்துக் கோடு போட்ட மாதிரி நேர் நேரான தெருக்கள். கொஞ்ச தூரம் நேரா போகணும், அப்புறம் தொண்ணூறு டிகிரி திரும்பணும், மறுபடியும் நேரா, மறுபடியும் திருப்பம். ஏற்றின பாரத்தோட ஒரு வேன் அப்படித் திரும்பும்போது அதன் சக்கரத்துக்குள்ளே என்ன நடக்குதுன்னு என்றைக்காவது யோசிச்சிருக்கீங்களா?

நூற்றிருபது வருஷத்துக்கும் முன்னாடி ஒருத்தர் யோசித்தார். அவர் இன்ஜினியரிங் படித்தவர் இல்லை. குதிரை வண்டி செய்கிறவர். யோசித்தபோது அவருக்கு அறுபது வயது தாண்டியிருந்தது. பெயர் ஹென்றி டிம்கன்.

பேரைக் கேட்டதும் ஸ்பேர் பார்ட்ஸ் கடை ஞாபகம் வருதா? அதே டிம்கன்தான். பேரிங் அட்டைப் பெட்டி மேலே இருக்கிற அந்தப் பெயர் ஒரு மனிதரின் குடும்பப் பெயர். அவர் கதையைத்தான் இந்த மாதம் பார்க்கப் போறோம். கூடவே, வேன் வீல் பேரிங் போயிடுச்சுன்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது, எப்படி மாத்துறதுன்னும் பார்த்துடலாம். ரெண்டும் ஒரே கதைதான், படிச்சா உங்களுக்கே புரியும்.

பட்டறைப் பையன்

ஹென்றி டிம்கன் 1831-ல் ஜெர்மனியின் பிரெமென் நகரத்துப் பக்கம் பிறந்தார். அவருக்கு ஏழு வயது இருக்கும்போது குடும்பம் கப்பலேறி அமெரிக்கா போனது. மிசௌரி மாநிலத்தில் நிலம் வாங்கி விவசாயம் பார்த்தார்கள். பையனுக்கு நிலத்தில் மனசு ஒட்டவில்லை. 16 வயதில், 1847-ல், செயின்ட் லூயிஸ் நகரத்தில் காஸ்பர் ஷூர்மையர் என்ற வண்டி செய்யும் ஆசாரியிடம் தொழில் கற்கச் சேர்ந்தார். நம்ம ஊர் பாஷையில் சொன்னால், பட்டறையில் எடுபிடிப் பையன்.

அந்தக் காலத்து செயின்ட் லூயிஸ் மேற்கே குடியேறப் போகிறவர்களுக்கு வாசல் மாதிரி. வண்டி செய்கிறவனுக்கு வேலை குறையவே குறையாது. 1855-ல் டிம்கன் சொந்தப் பட்டறை போட்டார்.

அதே நூற்றாண்டில் நம்ம புதுச்சேரித் தெருக்களில் புஸ்-புஸ் வண்டி ஓடிக்கொண்டிருந்தது. துரை உட்கார்ந்துகொண்டு கையிலிருக்கும் கம்பியால் வண்டியைத் திருப்புவார். பின்னால் ஆள் தள்ளிக்கொண்டு போவார். அந்த வண்டியில் உராய்வு கூடினால், அதற்கான விலையைக் கொடுத்தது தள்ளுகிறவரின் முதுகு. அமெரிக்காவில் அதே விலையைக் குதிரையும் கோவேறு கழுதையும் கொடுத்தன.

டிம்கன் முதலில் கைவைத்தது உராய்வில் இல்லை, குலுக்கலில். பக்கி வண்டிக்கு ஒரு புது வகை ஸ்பிரிங் வடிவமைத்து 1877-ல் காப்புரிமை வாங்கினார். மற்ற வண்டிக் கம்பெனிகள் ராயல்டி கட்டி அதைச் செய்யத் தொடங்கின. பணம் கொட்டியது. 1887-ல் தொழிலை விட்டு ஓய்வெடுக்க கலிஃபோர்னியாவின் சான் டியாகோவுக்குப் போய்விட்டார். 56 வயது, கையில் காசு, பக்கத்தில் கடல். வேற என்ன வேணும்? ஆனால் மனுஷனால் சும்மா உட்கார முடியவில்லை. சில வருஷங்களில் திரும்பவும் செயின்ட் லூயிஸ் வந்து வண்டித் தொழிலில் இறங்கினார்.

திருப்பத்தில் மாட்டிய வண்டி

அவர் கண்ணில் பட்டது இதுதான்: பாரம் ஏற்றின வண்டி நேராக ஓடும்போது சமாளித்துக்கொள்கிறது, கூர்மையாகத் திரும்பும்போது திணறுகிறது. ஏன்?

நம்ம மாட்டு வண்டியை நினைச்சுக்கோங்க. இரும்பு அச்சு, அதைச் சுற்றிச் சக்கரத்தின் குடம், நடுவில் வண்டி மை. உலோகம் உலோகத்தின் மேல் வழுக்குகிறது, அவ்வளவுதான். மை காய்ந்தால் 'கிறீச்'. இதற்கு மாற்றாக பால் பேரிங் அப்போதே இருந்தது. பாரிஸில் சைக்கிள் மெக்கானிக்காக இருந்த ஜூல் சுரிரே 1869-லேயே அதற்குக் காப்புரிமை வாங்கிவிட்டார். சைக்கிளுக்கு அது அருமை. ஆனால் ஒரு குண்டு தன் பாதையைத் தொடுவது கிட்டத்தட்ட ஒரு புள்ளியில் மட்டும். டன் கணக்கில் பாரம் ஏற்றினால் அந்தப் புள்ளி தாங்காது. உருளை போட்டால்? உருளை ஒரு கோடு முழுக்கத் தொடும், பாரம் பரவும். ஆனால் நேர் உருளை மேலிருந்து வரும் பாரத்தைத்தான் தாங்கும். வண்டி திரும்பும்போது பக்கவாட்டில் ஒரு தள்ளு வருதே, அதை எங்கே கொண்டுபோய் வைப்பது?

உருளையைச் சாய்த்து வைத்தால் என்ன என்பதுதான் பதில். உருளையை ஒரு பக்கம் பெருத்து ஒரு பக்கம் சிறுத்த கூம்பாக்கி, உள்ளே கூம்பு வடிவ 'கோன்', வெளியே அதற்கேற்ற 'கப்' என்று வைத்தால், மேலிருந்து வரும் பாரமும் பக்கத்திலிருந்து வரும் தள்ளும் ஒரே உருளையில் இறங்கும். இந்தக் கூம்புகளின் கோடுகளையெல்லாம் நீட்டினால் அச்சின் மேல் ஒரே புள்ளியில் சந்திக்கணும். அப்போதுதான் உருளை வழுக்காமல் உருளும். மெஷின் டிசைன் புத்தகத்தில் இந்தப் படத்தைப் பார்த்திருப்பீங்க.

கூம்பு உருளை யோசனையை டிம்கனுக்கு முன்பே சிலர் முயன்றிருந்தார்கள். அதை வண்டி அச்சில் நம்பி மாட்டக்கூடிய பொருளாக்கியது டிம்கனும் அவருடைய மருமகன் முறை ரெஜினால்ட் ஹைன்ஸல்மனும். 1898 ஜூன் 28-ல் இரண்டு காப்புரிமைகள் கிடைத்தன. டிம்கனுக்கு அப்போது 66 வயது.

ஒரு கதை சொல்வார்கள். செயின்ட் லூயிஸில் இரண்டு சின்னக் கோவேறு கழுதைகளைப் பூட்டி மலை மாதிரி பாரம் இழுத்துப் போன வண்டிக்காரரை, மிருக வதை என்று போலீஸ் பிடித்துவிட்டதாம். அந்த வண்டியில் இருந்தது டிம்கனின் புது பேரிங். டிம்கனே கோர்ட்டுக்குப் போய், கழுதைகளுக்கு அது பெரிய சுமையே இல்லை என்று விளக்கினாராம். கதையில் எவ்வளவு மசாலாவோ! ஆனால் வழுக்குவதற்கும் உருள்வதற்கும் உள்ள வித்தியாசத்தை இதைவிட எளிதாக ஒரு வகுப்பில் சொல்ல முடியாது.

1899-ல் தன் இரண்டு மகன்களோடு சேர்ந்து கம்பெனி தொடங்கினார். நல்ல நேரம் பாருங்க, குதிரை வண்டிக்கென்று செய்த பொருள் வெளிவந்தபோது மோட்டார் கார் பிறந்து தவழ்ந்துகொண்டிருந்தது. கார் தொழில் ஒரு பக்கம், எஃகு ஆலைகள் மறு பக்கம் என்று பார்த்து, கம்பெனியை ஒஹையோ மாநிலத்தின் கேன்டன் நகரத்துக்கு மாற்றினார்கள். டிம்கன் 1909-ல் சான் டியாகோவில் காலமானார். கார் யுகத்தின் தொடக்கத்தை மட்டுமே பார்த்துவிட்டுப் போனார். நம்ம நாட்டில் ஜாம்ஷெட்பூரில் அந்தப் பெயரிலேயே தொழிற்சாலை இருக்கிறது. நம்ம ரயில்வேயின் பாக்ஸ்-என் சரக்கு வேகன்களின் அச்சுகளிலும் உருள்வது கூம்பு உருளைகள்தான்.

உங்க வேன் என்ன சொல்லுது?

இப்போ மறுபடியும் நம்ம மீன் வேனுக்கு வருவோம். உப்புக் காற்று, மணல், ஐஸ் உருகி ஒழுகும் தண்ணீர். ஆயில் சீல் கிழிந்துவிட்டால் இது மூன்றும் கிரீஸுக்குள்ளே போகும். கிரீஸ் கெட்டால் பேரிங் கெடும். முதல் அறிகுறி சத்தம்: 'உய்ய்ய்ங்' என்று ஒரு முனகல், வேகம் கூடினால் கூடும்.

முதலில், இன்ஜினா வீலா? ஓடும்போது கியரை நியூட்ரலுக்குக் கொண்டு வந்தால் இன்ஜின் வேகம் இறங்கும். சத்தம் அப்படியே இருந்தால் சந்தேகம் சக்கரத்தின் மேல். அடுத்தது, டயரா பேரிங்கா? தார் ரோட்டிலிருந்து சிமென்ட் ரோட்டுக்கு மாறும்போது சத்தமும் மாறினால் பெரும்பாலும் டயர்.

அப்புறம் டிம்கன் பார்த்த அதே சோதனை: திருப்பம். காலியான இடத்தில் மெதுவாக வலது பக்கம் திருப்புங்க. பாரம் இடது சக்கரங்கள் மேல் சாயும். அப்போது முனகல் கூடினால் இடது பக்க பேரிங்கைச் சந்தேகப்படுங்க. இடது பக்கம் திருப்பும்போது கூடினால் வலது.

உறுதி செய்ய ஜாக்கி போடணும். மற்ற சக்கரங்களுக்குக் கட்டை கொடுத்து, ஸ்டாண்ட் வைத்த பிறகுதான் கை வைக்கணும். சக்கரத்தின் மேலேயும் கீழேயும் பிடித்து ஆட்டுங்க. 'டக் டக்' என்று ஆடினால், ஒரு ஆளை பிரேக் மிதிக்கச் சொல்லுங்க. ஆட்டம் நின்றால் பேரிங். நிற்கவில்லை என்றால் பால் ஜாயின்ட் அல்லது கிங் பின். இடது வலதாக ஆட்டினால் மட்டும் ஆடுகிறதா? ஸ்டீயரிங் ராடு முனைகளைப் பாருங்க. கடைசியாக, ஒரு கையை சஸ்பென்ஷன் ஸ்பிரிங் மேல் வைத்துக்கொண்டு மறு கையால் சக்கரத்தைச் சுற்றுங்க. பேரிங் போயிருந்தால் 'கரகர' என்று விரலுக்கே தெரியும்.

கழற்றி மாட்டும்போது

எல்லா வேனிலும் ஒரே அமைப்பு இருக்காது. இப்போது வரும் பலவற்றில் சீல் செய்த பேரிங் அல்லது ஹப்போடு முழு யூனிட். சீல் பேரிங்கை ஹைட்ராலிக் பிரஸ் வைத்துத்தான் ஏற்றணும், சுத்தியல் ஆகாது. நம்ம கதாநாயகரின் கூம்பு உருளை பேரிங், ஹப்புக்குள்ளே உள்பக்கம் ஒன்றும் வெளிப்பக்கம் ஒன்றுமாக, ஒன்றை ஒன்று பார்த்தபடி ஜோடியாக இருக்கும். ஒன்று ஒரு பக்கத்துத் தள்ளைத் தாங்கினால் மற்றது எதிர்ப் பக்கத்துத் தள்ளைத் தாங்கும்.

சக்கரத்தையும், டிஸ்க் பிரேக் என்றால் கேலிப்பரையும் கழற்றுங்க. கேலிப்பரை பிரேக் ஓஸில் தொங்கவிடாமல் கம்பி போட்டுக் கட்டுங்க. டஸ்ட் கேப், ஸ்பிளிட் பின், நட்டு, வாஷர், வெளி பேரிங் என்று வரிசையாக வரும். ஹப்பை இழுத்தால் உள் பேரிங்கும் சீலும் கூடவே வரும்.

பழைய பேரிங்கைக் கழுவித் துடைத்து வெளிச்சத்தில் பாருங்க, அது எப்படிச் செத்தது என்று அதுவே சொல்லும். நீலம் பூத்திருந்தால் சூட்டில் வெந்தது: நட்டை அதிகம் இறுக்கியிருப்பாங்க, இல்லை கிரீஸ் இல்லை. செதில் செதிலாகப் பெயர்ந்திருந்தால் உலோகம் களைத்துப் போனது. சம இடைவெளியில் பள்ளம் இருந்தால் பலமான அடி. துரு இருந்தால் தண்ணீர். துரு பார்த்தும் சீல் மாற்றாமல் விட்டால், அடுத்த பேரிங்கும் அதே வழியில்தான் போகும்.

கோனை மட்டும் புதுசாகப் போட்டுப் பழைய கப்பை விட்டு வைக்காதீங்க. ரெண்டும் ஒரே செட். பழைய கப்பைப் பித்தளைக் கம்பி வைத்துச் சுற்றிச் சுற்றித் தட்டி எடுக்கணும். புதியதைக் கோணாமல் இறக்கணும். அடியில் போய் உட்கார்ந்ததும் தட்டும் சத்தமே மாறும். உள்ளங்கையில் கிரீஸ் வைத்து, பேரிங்கின் பெரிய முனையை அதில் அழுத்தி அழுத்தி, உருளைகளுக்கு நடுவில் மறுபக்கம் பிதுங்கும் வரை ஏற்றுங்க. சீல் புதுசாகத்தான் போடணும்.

இனி நட்டு. மொத்த வேலையின் உயிர் இங்கேதான். கூம்பு என்பதால், கோனை உள்ளே தள்ளத் தள்ள இடைவெளி குறையும். தேய்ந்தாலும் மறுபடி சரிசெய்யலாம் என்பது இந்த வடிவத்தின் பெரிய பலம், தப்பாக இறுக்கினால் அதுவே ஆபத்து. அதிகம் இறுக்கினால் சூடேறி கிரீஸ் எரியும், கடைசியில் பேரிங் பிடித்துக்கொள்ளும். தளர விட்டால் சக்கரம் ஆடி, பாரம் சில உருளைகள் மேல் மட்டும் விழும். முற்றிப்போனால் ஓடுகிற வண்டியில் சக்கரமே கழன்று போகலாம். பொதுவான முறை: ஹப்பைச் சுற்றிக்கொண்டே நட்டை இறுக்கி உருளைகளை உட்காரவைத்து, பிறகு தளர்த்தி, விரலால் மட்டும் இறுக்கி, ஸ்பிளிட் பின் ஓட்டை சேரவில்லை என்றால் தளர்த்தும் பக்கமே நகர்த்துவது. ஆனால் எவ்வளவு டார்க், எவ்வளவு தளர்வு என்பது வண்டிக்கு வண்டி வேறு. உங்க வேனின் சர்வீஸ் மேனுவலைப் பார்த்துத்தான் வைக்கணும். பழைய ஸ்பிளிட் பின்னை நிமிர்த்தி மறுபடி போடாதீங்க. அச்சாணிக்கு உள்ள மரியாதையை வள்ளுவரே சொல்லிட்டுப் போயிருக்கார்.

கொஞ்ச தூரம் ஓட்டிவிட்டு வந்து, ரெண்டு பக்க ஹப் பக்கத்திலும் கையைக் கொண்டுபோய்ப் பாருங்க, தொட வேண்டாம். ஒன்று மட்டும் அனலடித்தால் நட்டை மறுபடி பார்க்கணும்.

விடுமுறையில் ஊருக்குப் போற வேனோ, சித்தப்பாவோட லோடு வண்டியோ, ஏறினதும் முதல் திருப்பத்தில் பாட்டுச் சத்தத்தைக் கொஞ்சம் குறைச்சுட்டு காது கொடுங்க. முனகல் கேட்டால் எந்தப் பக்கம்னு டிரைவர் அண்ணன்கிட்ட சொல்லுங்க, மெக்கானிக்குக்குப் பாதி வேலை மிச்சம்.