எம். பக்தவத்சலம்

இன்று ஊர்தித் தொழிற்சாலைகள் நிறைந்து விளங்கும் திருப்பெரும்புதூர், முன்னாளில் ஏரிப் பாசனத்தை நம்பிய வேளாண் பகுதியாகும். அதற்குக் கிழக்கே, பூந்தமல்லியை அடுத்த நசரத்பேட்டையில் 1897ஆம் ஆண்டு பிறந்தவர் பக்தவத்சலம்.

சட்டம் பயின்ற அவர், விடுதலைப் போராட்டத்தில் ஈடுபட்டுச் சிறை சென்றார். 1937இல் சென்னை மாகாணச் சட்டமன்ற உறுப்பினரானார். ஓமந்தூரார், காமராசர் அமைச்சரவைகளில் பணியாற்றி, 1963இல் முதலமைச்சர் பொறுப்பேற்றார்.

1965இல் மாணவர்கள் முன்னின்று நடத்திய இந்தி எதிர்ப்புப் போராட்டத்தை அவரது அரசு காவல்துறையைக் கொண்டு அடக்க முயன்றது. உயிர்கள் பல பலியாயின. அரிசித் தட்டுப்பாடும் மக்களை வாட்டியது. 1962இல் அவரைத் தேர்ந்தெடுத்த திருப்பெரும்புதூர்த் தொகுதி, 1967இல் முதலமைச்சராகவே போட்டியிட்ட அவரைத் தோற்கடித்தது. முப்பதாண்டுப் பொதுவாழ்வும் உயர்பதவியும் மக்கள் தீர்ப்பை மாற்ற இயலவில்லை.

தமிழகத்தின் கடைசிக் காங்கிரசு முதலமைச்சரான அவர் 1987இல் மறைந்தார். அவரது நினைவிடம் சென்னைக் கிண்டியில் அமைந்துள்ளது.