ஔவையாய் வந்த அம்மையார்

ஔவைப் பாட்டி என்றதும் நம் மனக்கண்முன் தோன்றுவது யாருடைய முகம்? நெற்றி நிறையத் திருநீறு, கையில் ஊன்றுகோல், கணீரென்ற குரல்! அந்தக் கோலத்தைத் தமிழ் மக்கள் நெஞ்சில் பதித்தவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அம்மையார்.

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908-ஆம் ஆண்டு அம்மையார் பிறந்தார். இளமையிலேயே வறுமை வாட்டியது. ரயில் வண்டியில் பாடிப் பிழைத்த சிறுமி என்று அவரைக் கூறுவர். அந்தக் குரல்வளமே அவரை நாடக மேடையில் ஏற்றியது.

அக்காலத்தில் பெண்கள் மேடையேறுவதைப் பலர் இழிவாக எண்ணினர். பாலர் சபைகளில் சிறுவர்களே பெண் வேடம் புனைந்தனர். ஒலிபெருக்கியும் கிடையாது. கொட்டகையின் கடைசி வரிசை வரை கேட்கும்படி பாட வேண்டும். மதுரையில் நாடக சபை நடத்திய சங்கரதாஸ் சுவாமிகளின் ‘வள்ளி திருமணம்’ இன்றும் நம் பக்கத்துக் கிராமத் திருவிழாக்களில் விடிய விடிய நடைபெறுகிறதல்லவா? அந்நாடகத்தில் வள்ளியாகச் சுந்தராம்பாளும், வேலனாகச் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவும் தோன்றினால் ஊரே திரண்டது. இருவரும் 1927-இல் மணம் புரிந்தனர்.

ஆனால் 1933-இல் கிட்டப்பா காலமானார். அம்மையாருக்கு அப்போது வயது 25. வெள்ளாடை உடுத்தினார், இனி எந்த ஆடவருக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். கதாநாயகி வேடத்தைத் துறந்த நடிகைக்கு வேறு என்ன மிஞ்சும் என்று பலரும் எண்ணக்கூடும். அம்மையார் செய்து காட்டியதோ வேறு.

1935-இல் ‘பக்த நந்தனார்’ படத்தில் ஆண் வேடம் ஏற்று, நந்தனாராகவே நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஊதியம் 1 லட்சம் ரூபாய். அந்நாளில் அது கேட்டோர் வியந்த தொகை! 1953-இல் ஜெமினியாரின் ‘ஔவையார்’ படத்தில் தம் வயதை மீறிய மூதாட்டியானார். 1964-இல் ‘பூம்புகார்’ படத்தில், கோவலனையும் கண்ணகியையும் நம் மதுரைக்கு அழைத்து வந்த சமணத் துறவி கவுந்தியடிகளாக வாழ்ந்து காட்டினார். நம் நகரின் கதையான ‘திருவிளையாடல்’ 1965-இல் வந்தபோது மீண்டும் ஔவையானார். அடியார், மூதாட்டி, துறவி என வேடங்கள் மாறின. கொண்ட உறுதி மாறவில்லை.

1958-இல் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினராகி, நாடகக்காரி என்று ஏளனம் செய்த சமூகத்தின் முன் தலைநிமிர்ந்தார். ‘துணைவன்’ படப் பாடலுக்குத் தேசிய விருது, 1970-இல் பத்மஸ்ரீ எனப் பெருமைகள் தேடி வந்தன. 1980-இல் இறைவனடி சேர்ந்தார்.

பள்ளி ஆண்டு விழா நாடகத்தில், “எனக்குக் கிழவி வேடமா?” என்று முகம் சுளிக்கும் தங்கையரே! அந்தக் கிழவி வேடத்தால்தான் அம்மையார் அழியாப் புகழ் பெற்றார். சிறிய வேடம் என்று ஒன்றில்லை. அதை ஏற்கும் மனமே அதைப் பெரிதாக்குகிறது.