பழியேற்ற தலைவர்

லால் பகதூர் சாஸ்திரியார் 1904 அக்டோபர் 2ஆம் நாள் மொகல்சராய் என்னும் இரயில்வே ஊரில் பிறந்தார். குழவிப் பருவத்திலேயே தந்தையை இழந்தார். விடுதலைப் போரில் பன்முறை சிறை புகுந்தார். 1952இல் மத்திய இரயில்வே மந்திரியானார்.

1956இல் மகபூப்நகர் அருகே இரயில் விபத்து நேர்ந்தபோது பதவி துறக்க முன்வந்தார். பிரதமர் நேரு இசையவில்லை. அவ்வாண்டு நவம்பரில் நம் அரியலூர் அருகே, மருதையாற்று வெள்ளத்தில் தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் வீழ்ந்து 100க்கு மேற்பட்டோர் மாண்டனர். வண்டியைச் செலுத்தியவர் அவரல்லர். ஆயினும் பொறுப்பேற்றுப் பதவி விலகினார்.

அலுவலகங்களில் பிழை நேர்ந்தால், விளக்கம் கேட்கும் காகிதம் கடைநிலை ஊழியனிடம் வந்தே நிற்கும். குமாஸ்தாவாகிய நாம் இதனை நன்கறிவோம். அக்காகிதத்தைத் தம் கையிலேயே நிறுத்திக்கொண்டவர் சாஸ்திரியார். 1964இல் அவரே பிரதமரானார். 1966 ஜனவரி 11இல் தாஷ்கண்டில் மறைந்தார்.

புகழைப் பிறர்க்குப் பகிர்ந்து, பழியைத் தாமே ஏற்பவரே தலைவர். சங்கப் பொறுப்பேற்கும் நம் அன்பர்கள் இதனை நெஞ்சிற் கொள்வாராக!