பகலை இரவாக்கிய பார்ட்லே!

தேனி, கம்பம் பக்கத்து டூரிங் கொட்டகைகளில் மணலைக் குவித்து உட்கார்ந்து படம் பார்த்த தாத்தா பாட்டிகளைக் கேளுங்கள். "மாயா பஜார்" படத்தில் கடோத்கஜனாக வந்த ரங்காராவை மறந்திருக்க மாட்டார்கள். லட்டுகள் தாமாகப் பறந்து அவர் வாய்க்குள் போகும்!

அந்த மாயத்தைப் படம் பிடித்தவர் மார்க்கஸ் பார்ட்லே. ஆங்கிலோ-இந்தியர். 1917-ல் பிறந்தவர்.

சிறு வயதிலேயே காமிராவைக் கையில் எடுத்தார். பத்திரிகைக்குப் போட்டோ எடுத்தார். செய்திப் படம் பிடித்தார். பிறகு சென்னை சினிமாவுக்கு வந்தார்.

நடுப்பகலில் நிலா

"மாயா பஜார்" 1957-ல் வெளிவந்தது. தெலுங்கில் நாகேஸ்வரராவ், தமிழில் ஜெமினி கணேசன். இரண்டிலும் சாவித்திரிதான் ஜோடி.

நிலா வெளிச்சத்தில் ஓடம் போகும் காட்சி. அதைப் பார்ட்லே பகலில் எடுத்தார்!

கறுப்பு வெள்ளைப் பிலிமில் அதற்கு ஒரு வழி உண்டு. லென்சுக்கு முன்னால் சிவப்புக் கண்ணாடி வைத்தால் நீல வானம் இருண்டுவிடும். ஆனால் சிவந்த உதடும் வெளுத்துவிடுமே! வானம் இருள வேண்டும்; கதாநாயகியின் அழகு கெடக் கூடாது. அங்கேதான் இருக்கிறது கெட்டிக்காரத்தனம்.

தந்திரக் காட்சி இன்னும் கஷ்டம். பிலிமில் பாதியை மறைத்து ஒரு முறை எடுப்பார்கள். பிலிமைப் பின்னுக்குச் சுற்றி, மறு பாதியை எடுப்பார்கள். ஒரு நூல் பிசகினாலும் அத்தனை உழைப்பும் வீண். எடுத்ததை அங்கேயே பார்க்க இன்றுபோல் டி.வி. பெட்டி கிடையாது. பிலிமைக் கழுவிய பிறகுதான் தெரியும். அதுவரை காமிராக்காரர் வயிற்றில் நெருப்புத்தான்!

கடற்கரைக்குப் போனார்

மாயாஜாலம் மட்டுமா? 1955-ல் வந்த "மிஸ்ஸியம்மா" சிரிப்புப் படம். அதில் தந்திரம் எதுவும் இல்லை. வீடும் மனிதர்களும்தான்.

அப்புறம் ராமு காரியத்தின் "செம்மீன்". தகழியின் மீனவர் கதை. ஸ்டூடியோவில் விளக்கை ஏற்றலாம், அணைக்கலாம். கடலில் சூரியன் யார் பேச்சைக் கேட்கும்? அலையோ நிற்காது. அந்த மலையாளப் படத்தைக் கலரில் எடுத்தார் பார்ட்லே. 1965-ம் ஆண்டின் சிறந்த படம் என்று ஜனாதிபதி தங்கப் பதக்கம் அதற்குக் கிடைத்தது.

1969-ல் வந்த தமிழ்ப் படம் "சாந்தி நிலையம்". அதற்காகக் கலர் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பார்ட்லேக்கே கிடைத்தது.

1993-ல் காலமானார். 2010-ல் தெலுங்கு "மாயா பஜாருக்கு" வர்ணம் பூசி மறுபடி வெளியிட்டார்கள். கூட்டம் வந்தது. ஆனாலும் அந்தக் கறுப்பு வெள்ளை நிலாவின் குளிர்ச்சியே தனி!