நீதியரசர் கோகா சுப்பாராவ்

கையில் பட்டா இருந்தும் காணி கைவிட்டுப் போகும் வேளை ஒன்று உண்டு. அரசுக்கு நிலம் தேவை என்ற அறிவிப்பு வீட்டு வாசலுக்கு வரும் வேளைதான் அது. தாம்பரம், பல்லாவரம், வண்டலூர்ப் பகுதி மக்களுக்கு இது புதிய செய்தியன்று. குடியிருப்பு, சாலை, விமான நிலையம் எனப் பல பணிகளுக்கு நிலம் வேண்டியிருக்கிறது. பொதுநலனுக்காக நிலம் கொடுக்கத்தான் வேண்டும். ஆனால், கொடுப்பவனின் முறையீட்டை யார் கேட்பது? எவ்வாறு கேட்பது? இவ்வினாக்களுக்குத் தம் தீர்ப்புகளால் விடை தந்த சான்றோர் ஒருவரின் வாழ்வை இங்குக் காண்போம்.

கோதாவரிக் கரையிலுள்ள இராஜமுந்திரியில் 1902ஆம் ஆண்டு ஜூலை 15ஆம் நாள் கோகா சுப்பாராவ் பிறந்தார். அவ்வூர் அரசு கலைக் கல்லூரியில் பட்டம் பெற்று, சென்னைச் சட்டக் கல்லூரியில் சட்டம் பயின்றார். அரசு கலைக் கல்லூரி மாணவர் ஒருவர் பின்னாளில் நாட்டின் தலைமை நீதிபதியானார் என்பது நமக்கெல்லாம் பெருமை தருவதாகும். சிறிது காலம் பாபட்லாவில் மாவட்ட முன்சீப்பாகப் பணியாற்றிய பின், மைத்துனர் பி. வி. இராஜமன்னாருடன் சேர்ந்து சென்னையில் வழக்கறிஞர் தொழில் நடத்தினார். 1948இல் சென்னை உயர்நீதிமன்ற நீதிபதியாகவும், 1954இல் ஆந்திர உயர்நீதிமன்றத் தலைமை நீதிபதியாகவும், 1958இல் உச்ச நீதிமன்ற நீதிபதியாகவும் உயர்ந்தார்.

உச்ச நீதிமன்றத்திற்கு வந்த ஆண்டிலேயே பேருந்து வழக்கொன்று அவர்முன் வந்தது. ஆந்திரத்தின் கிருஷ்ணா மாவட்டத்தில் தனியார் பேருந்துத் தடங்களை அரசு ஏற்க முனைந்தது. உரிமையாளர்களின் ஆட்சேபணைகளைப் போக்குவரத்துத் துறைச் செயலாளர் கேட்டார். முடிவு செய்தவரோ முதலமைச்சர். ஒருவர் கேட்டு மற்றொருவர் தீர்ப்பது வெறும் சடங்கு என்றும், வழக்கில் ஒரு தரப்பாக நிற்கும் துறையின் செயலாளரே விசாரணை நடத்துவது நடுநிலைக்கு மாறானது என்றும் சுப்பாராவ் எழுதினார். நோயாளியை ஒரு மருத்துவர் பார்க்க, அவரைக் காணாத வேறொருவர் மருந்து எழுதினால் எப்படியிருக்கும்? அதுபோன்றதே இதுவும்.

1962இல் பஞ்சாபிலிருந்து நில எடுப்பு வழக்கொன்று வந்தது. குளிர்சாதனக் கருவிகள் செய்யும் தனியார் நிறுவனத்திற்காக நிலம் எடுக்க அரசு முன்வந்தது. அப்பணிக்கு அரசு தருவதாகச் சொன்ன பங்கு வெறும் 100 ரூபாய்! பெரும்பான்மை நீதிபதிகள் அதனை ஏற்றனர். சுப்பாராவ் தனித்து நின்று மறுத்தார். பெயரளவில் ஒரு தொகையை வைத்துப் பொது நோக்கம் என்று காட்டிவிட முடியாது என்பது அவர் கருத்து.

நம் சென்னைக்கு நேரடியாகத் தொடர்புடையது 1964ஆம் ஆண்டின் வஜ்ரவேலு முதலியார் வழக்கு. 1961இல் சென்னை மாநில அரசு, நில எடுப்புச் சட்டத்தில் ஒரு திருத்தம் செய்தது. வீட்டு வசதித் திட்டங்களுக்கு எடுக்கப்படும் நிலத்திற்கு அறிவிப்பு நாளின் சந்தை மதிப்பு, முந்தைய ஐந்தாண்டுச் சராசரி மதிப்பு ஆகிய இரண்டில் குறைந்ததே கிடைக்கும். கட்டாயமாக எடுப்பதற்கு ஈடாகத் தரும் ஆறுதல் தொகை 15 விழுக்காட்டிலிருந்து 5 விழுக்காடாகக் குறைந்தது. நிலத்தின் வருங்கால வளர்ச்சி மதிப்பும் கணக்கில் வராது.

இக்கடைசி விதியின் கடுமையைப் புறநகர்வாசிகள் எளிதில் உணர்வர். 1931இல் கடற்கரையிலிருந்து தாம்பரத்திற்கு மின்சார ரயில் ஓடத் தொடங்கியது. அப்பாதையை ஒட்டிய வயலின் விலை நெல் விளைச்சலால் மட்டுமா அமையும்? நாளை அங்கே வீடு எழும் என்பதும் அதன் விலைதானே!

ஒரே நிலத்தை மருத்துவமனைக்கு எடுத்தால் ஒரு விலை, வீடு கட்ட எடுத்தால் குறைந்த விலை என்பது சமத்துவத்திற்கு முரண் எனச் சுப்பாராவ் தலைமையிலான அமர்வு அத்திருத்தத்தைச் செல்லாது என்றது.

1966இல் அவர் இந்தியத் தலைமை நீதிபதியானார். 1967 ஏப்ரலில் பதவி விலகிக் குடியரசுத் தலைவர் தேர்தலில் நின்று, ஜாகிர் உசேனிடம் தோற்றார். நீதிபதி ஒருவர் பதவியைவிட்டு நேரே தேர்தல் களம் புகலாமா எனக் குறை கூறினோர் உண்டு. சொத்துரிமையை அவர் மிகுதியாகப் போற்றியது நிலச் சீர்திருத்தத்திற்குத் தடை என்றவர்களும் உண்டு. அக்குறைகளை மறைக்க வேண்டியதில்லை. 1976 மே 6ஆம் நாள் அவர் மறைந்தார். 1978ஆம் ஆண்டின் 44ஆவது திருத்தத்தால் சொத்துரிமை அடிப்படை உரிமை என்ற நிலையை இழந்தது.

எனினும் அவர் வற்புறுத்திய நெறி வாழ்கிறது. 2014 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள புதிய நில எடுப்புச் சட்டம் ஆறுதல் தொகையை 100 விழுக்காடாக்கியது. அச்சட்டப்படி முதல் அறிவிப்பிலிருந்து 60 நாட்களுக்குள் ஆட்சேபணை தரலாம். இழப்பீட்டு ஆணை வழங்கும்போது உடனிருந்தவர், தொகை போதாதெனில் ஆறு வாரங்களுக்குள் மாவட்ட ஆட்சியரிடம் எழுத்து மூலம் மனுச் செய்து, வழக்கைத் தீர்ப்பாயத்திற்கு அனுப்பக் கோரலாம்.

மாணவ நண்பர்களே! எழுதப் படிக்கத் தெரியாத முதியவர் ஒருவர் அத்தகைய அறிவிப்போடு உங்களிடம் வந்தால், அதனைப் பொறுமையாகப் படித்துக் காட்டுங்கள்; கெடு எந்நாள் முடிகிறதென்று சொல்லுங்கள்; மனு எழுதித் தாருங்கள். கேட்கப்படாத முறையீட்டுக்கு நீதி கிடைப்பதில்லை. கேட்பவர் நடுநிலையோடு கேட்க வேண்டுமென்று சுப்பாராவ் எழுதிவைத்தார். முறையீடு காலத்தே சென்று சேர நாம் உதவுவோம்.